படகு கட்டும் வளையம், கிளீட், நங்கூரம்: கையால் அடித்ததா, கடையில் வாங்கியதா?

கேள்வி – 16 ஏப்ரல் 2024

காசிமேட்டில் என் மாமாவுக்கு ஒரு ஃபைபர் படகு. டிசம்பர் மிக்ஜாம் புயலில் கயிறு கட்டும் வளையம் பிய்ந்து, படகு பக்கத்துப் படகில் மோதி, முன்பக்கத்து அணியம் உடைந்துவிட்டது. நேற்றிலிருந்து மீன்பிடித் தடைக்காலம், வேலை பார்க்க ரெண்டு மாசம் இருக்கிறது. கையால் அடித்த இரும்புச் சாமான் நூறு வருஷம் நிற்கும், கடைச் சாமான் மூணு வருஷம்கூடத் தாங்காது என்கிறார் மாமா. உண்மையா? சென்னையில் இன்னும் யாராவது அடிக்கிறார்களா?

17 ஏப்ரல்

மாமா சொல்வதில் பாதி சரி. எந்தப் பாதி என்பதில்தான் தகராறு.

அடிக்கிறவர்கள் இருக்கிறோம். பழைய வண்ணாரப்பேட்டையில் எங்கள் பட்டறை. நைனா கொல்லர். மாட்டுவண்டிப் பட்டா, கடப்பாரை, நங்கூரம் என்று எல்லாம் அடித்தவர். எனக்கு லேத்தும் வெல்டிங்கும்தான் சோறு. ஆனால் உலையை இடிக்கவில்லை, வாரத்தில் ரெண்டு நாள் மூட்டுகிறேன்.

முதலில் ஒன்று சொல்லுங்கள். பிய்ந்தது எது? வளையமே அறுந்ததா, போல்ட் முறிந்ததா, போல்ட்டோடு சேர்ந்து ஃபைபர் பெயர்ந்து வந்ததா? மூன்றுக்கும் வைத்தியம் வேறு வேறு. போட்டோ போடுங்கள்.

18 ஏப்ரல்

போட்டோ பார்த்தேன். வளையம் முழுசாக இருக்கிறது. நாலு போல்ட்டும் முழுசாக இருக்கின்றன. கூடவே உள்ளங்கை அளவு ஃபைபர் ஒட்டிக்கொண்டு வந்திருக்கிறது. வளையத்தை ஏன் திட்டுகிறீர்கள்? அது தன் வேலையைப் பார்த்திருக்கிறது. சட்டைத் துணி கிழிந்ததற்குப் பொத்தானை அடிக்கிற கதை.

ஃபைபருக்கு அடியில் கட்டை வைக்கவில்லை. சின்ன வாஷரைப் போட்டு முறுக்கிவிட்டிருக்கிறார்கள். புயலில் படகு ஒவ்வொரு வெட்டு வெட்டும்போதும் அந்த வாஷர் கொஞ்சம் கொஞ்சமாக உள்ளே அமுங்கிக் கடைசியில் பொத்துக்கொண்டு வந்துவிட்டது. வளையத்தின் அடித்தகடு எவ்வளவோ அதைப்போல ரெண்டு மடங்கு அகலத்தில் நல்ல மரப்பலகை, அதன்மேல் ஒரு இரும்புத் தகடு, அதன்மேல் நட்டு. துளையின் உள் ஓரத்தில் ரெசின் தடவாமல் போல்ட் போட்டால் தண்ணீர் இறங்கி, உள்ளே கட்டை ஊறிப்போய் ரெண்டே மழைக்காலத்தில் பிண்ணாக்காகிவிடும்.

நாளை ஓட்டு. பட்டறை லீவு.

21 ஏப்ரல்

பித்தளை கிளீட் (கயிற்றைச் சுற்றிக் கட்டுகிற ரெண்டு கொம்புச் சாமான்) போட்டால் துருவே பிடிக்காதே என்று ஒருவர் கேட்டிருக்கிறார். துரு பிடிக்காது. வேறொன்று பிடிக்கும். பித்தளை என்பது செம்பும் துத்தநாகமும். உப்புத்தண்ணீர் துத்தநாகத்தை மட்டும் அரித்துக்கொண்டு போய்விடும், செம்பு சல்லடை மாதிரி மிச்சம் நிற்கும். வெளியே பார்த்தால் அதே கிளீட், அதே பளபளப்பு. பழைய படகில் கழற்றின பித்தளைத் திருகாணி ஒன்றைக் கட்டை விரலால் அழுத்தினேன், பிஸ்கட் மாதிரி முறிந்தது. முறிந்த இடம் மஞ்சளாக இல்லை, ரோஸ் நிறத்தில் இருந்தது. அந்த நிறத்தைப் பார்த்தால் மிச்சமுள்ள எல்லாத் திருகாணியையும் கழற்றிவிடுங்கள்.

கடலுக்கு வேண்டியது கன்மெட்டல். செம்பு 88, வெள்ளீயம் 10, துத்தநாகம் 2. விலையைக் கேட்டுவிட்டு மாமா மறுபடி இரும்புக்கே வருவார்.

27 ஏப்ரல்

எழுதலாமா வேண்டாமா என்று நாலு நாள் யோசித்தேன்.

அதே மிக்ஜாம் புயலில் நான் செய்து கொடுத்த வளையம் ஒன்று அறுந்தது. பின்னால் கட்டை எல்லாம் ஒழுங்காக இருந்தது. வளையமேதான் அறுந்தது.

அக்டோபரில் அவசரம். ஒரே நாளில் பத்து வளையம் வேண்டும் என்றார்கள். 16 மி.மீ. கம்பியை அறுத்து, வளைத்து, ரெண்டு முனையையும் முட்டவிட்டு, மேலே சுற்றி ஒரு வெல்டு ஓட்டி, கிரைண்டர் பிடித்து, பெயிண்ட் அடித்துக் கொடுத்துவிட்டேன். முனைகளைச் சாய்த்துப் பள்ளம் எடுக்காமல் வெல்டு போட்டால் நடுவரை இறங்காது என்பது எனக்குத் தெரியாதா? தெரியும். மணி ஏழாகியிருந்தது.

புயல் ஓய்ந்து நாலாம் நாள் படகுக்காரர் வந்தார். அவரை அண்ணன் என்றே கூப்பிட்டுப் பழக்கம். "இன்னாபா, உன் வளையம் பல்ல இளிச்சிடுச்சி" என்று மேசையில் வைத்துவிட்டு டீ குடிக்கப் போய்விட்டார். திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். எடுத்துப் பார்த்தேன். வெளிச்சுற்றில் மூணு மி.மீ. அளவுக்குத்தான் பளபளவென்று புதிதாக முறிந்திருந்தது. நடுவில் கறுப்பு. அந்தக் கறுப்பில் ஹாக்ஸா பிளேடு அறுத்த கோடுகள் அப்படியே தெரிந்தன. அறுத்த முனை அறுத்தபடியே உள்ளே உட்கார்ந்திருக்கிறது, வெல்டு மேலே தோலாகப் போர்த்தியிருக்கிறது. வெளியே சிவந்து நடுவே மாவாக இருக்கிற வடை.

ஃபைபர் ஒட்டிய செலவில் பாதி நான் கொடுத்தேன். மிச்சம் ஒன்பது வளையங்களையும் தேடிப்போய், ஏழு வளையங்களைத் திரும்ப வாங்கிவிட்டேன். ரெண்டு இன்னும் எங்கேயோ தண்ணீரில் இருக்கின்றன.

அதுவும் கையால் செய்த வளையம்தான். மாமாவிடம் சொல்லுங்கள்.

30 ஏப்ரல்

நைனா எப்படிச் செய்வார் என்று கேட்டவருக்கு.

கணக்கு: உள்விட்டம் 75, கம்பி 16. ரெண்டையும் கூட்டினால் 91. 3.14ஆல் பெருக்கினால் 286 மி.மீ. முனைகள் ஒன்றின்மேல் ஒன்று ஏற வேண்டும், அதற்கு இன்னும் ஒரு இருபது கூட்டிக்கொள்ள வேண்டும். நைனாவுக்கு இந்தக் கணக்குத் தெரியாது. ஒரு பழைய வளையத்தைத் தரையில் படுக்கவைத்து, கம்பியின் நடுக்கோட்டில் நூலை ஒரு சுற்று வைத்து அளந்து, அந்த நீளத்துக்குமேல் ஒரு விரல் வைத்து வெட்டுவார். விடை ஒன்றுதான்.

ரெண்டு முனையையும் காய்ச்சி, நாக்கு மாதிரி சரிவாகத் தட்டிக்கொள்ள வேண்டும். பிறகு வளைத்து, நாக்கின்மேல் நாக்கு ஏறுகிற மாதிரி வைத்து, மறுபடி உலைக்குள். சிவப்பு போய் மஞ்சள் வரும், மஞ்சள் வெளுக்கும். வெண்காரத்தை ஒரு சிட்டிகை தூவினால் மேலே படிந்த செதில் உருகி வழிந்துவிடும். இரும்பின் மேல் நெய் தடவின மாதிரி ஒரு ஈரம் மினுங்கும். ஒன்றிரண்டு பொறி பூ மாதிரி வெடிக்கும். அதுதான் நேரம். அதற்கு முன்னால் எடுத்தால் ஒட்டாது, பின்னால் எடுத்தால் இரும்பு எரிந்துவிடும். 1300 டிகிரி பக்கம் இருக்கும் என்று புத்தகம் சொல்கிறது. நைனா பட்டறைக் கதவைச் சாத்தி இருட்டாக்கிவிட்டு நிறத்தை மட்டும் பார்ப்பார். எடுத்ததும் முதல் மூணு அடி லேசாக. முதல் அடியையே ஓங்கிப் போட்டால் உருகின மேல்பரப்பு தெறித்து ஓடிவிடும்.

பழைய கப்பல் சங்கிலியில் கிடைத்த இரும்பு இதற்குச் சுலபம் என்பார். அந்தக் காலத்துத் தேனிரும்பில் கசடு நாராக ஓடும். உடைத்தால் கருப்பங்கழி பிளந்த மாதிரி இழை இழையாகத் தெரியும். அந்தக் கசடே வெண்காரம் மாதிரி வேலை செய்யும். இப்போது கடையில் கிடைக்கிற கம்பி அப்படி இல்லை, கொஞ்சம் முன்னே பின்னே போனால் மன்னிக்காது.

2 மே

"அப்படியானால் உலையில் ஒட்டினதுதான் மேல், அந்தக் காலம் அந்தக் காலம்தான்" என்று ரெண்டு பேர் எழுதியிருக்கிறார்கள். நான் அப்படிச் சொல்லவில்லை. சொன்ன மாதிரி தொனித்தது என் தப்பு.

கப்பலுக்குக் கயிற்றுக்குப் பதில் இரும்புச் சங்கிலி வந்தது இங்கிலாந்தில், 1800களின் தொடக்கத்தில். சாமுவேல் பிரவுன் என்ற கடற்படை அதிகாரி அதற்குப் பேடன்ட் வாங்கினார். அந்தச் சங்கிலிகளின் ஒவ்வொரு கண்ணியும் உலையில் ஒட்டினதுதான். ஊரே உலகமே மெச்சின கொல்லர்கள். அப்படியும் நம்பவில்லை. 1864இல் சட்டமே போட்டார்கள், சங்கிலியையும் நங்கூரத்தையும் இயந்திரத்தில் இழுத்துப் பார்த்து முத்திரை குத்தாமல் விற்கக் கூடாது என்று. ஆயிரம் கண்ணியில் ஒன்று ஒட்டாமல் போனால் கப்பல் போச்சு. வெளியே பார்த்து எவனாலும் சொல்ல முடியாது, அடித்தவன் உட்பட.

நானும் இப்போது இழுத்துப் பார்க்கிறேன். பட்டறைத் தூணில் ஒரு கொக்கி, பத்து டன் ஹைட்ராலிக் ஜாக்கி, பழைய ரயில் தண்டவாளத் துண்டு. அளவுமானி கிடையாது. எல்லா வளையத்துக்கும் ஒரே அளவு பம்ப், அவ்வளவுதான்.

3 மே

நேற்று எழுதினதில் விட்டது. "கொல்லர்கள்" என்று எழுதினேன். சின்னச் சங்கிலி அடித்ததில் பெரும்பகுதி பெண்கள். பர்மிங்ஹாம் பக்கத்தில் கிராட்லி ஹீத் என்ற ஊர். வீட்டுக் கொல்லையில் கொட்டகை, அதில் உலை, பக்கத்தில் தொட்டியில் குழந்தை. 1910இல் மேரி மக்கார்த்தர் தலைமையில் பத்து வாரம் வேலையை நிறுத்தி, மணிக்கு ரெண்டரைப் பென்ஸ் குறைந்தபட்சக் கூலி வாங்கினார்கள்.

எங்கள் அம்மா 22 வருஷம் துருத்தி இழுத்தார்கள். நைனா "இப்ப" என்பதற்குள் கை நிற்கும். வெப்பம் ஏறுவதும் இறங்குவதும் அந்தக் கையில்தான் இருந்தது. நைனாவின் கணக்கு நோட்டு என்னிடம் இருக்கிறது. கரி, இரும்பு, வெண்காரம், சம்மட்டிக்காரர் கூலி எல்லாம் அதில் உண்டு. அம்மா வரி இல்லை. 1986இல் துருத்திக்குப் பதில் பிளோயர் வாங்கினார், அதற்கு வரி இருக்கிறது.

8 மே

சரித்திரம் கேட்டவருக்கு ஒரு விஷயம். சென்னைக்குப் படகைக் கட்டுகிற பழக்கமே புதுசு.

துறைமுகம் வருவதற்கு முன் இங்கே திறந்த கடற்கரை. கப்பல் தூரத்தில் நங்கூரம் போட்டு நிற்கும். மசூலாப் படகு அலையைத் தாண்டிப் போய்ச் சரக்கையும் ஆளையும் ஏற்றி வரும். அந்தப் படகில் ஆணியே கிடையாது, பலகைக்குப் பலகை தென்னங்கயிற்றால் தைத்திருப்பார்கள். அலை தூக்கி மணலில் அறைந்தால் ஆணி போட்ட படகு பிளக்கும், தைத்தது நெளிந்து கொடுக்கும். வேலை முடிந்தால் மணலில் இழுத்துப் போட்டுவிடுவார்கள். கட்டுமரமும் அப்படித்தான், கயிற்றை அவிழ்த்தால் மரம் மரமாக வந்துவிடும். அங்கே வளையத்துக்கு என்ன வேலை, கிளீட்டுக்கு என்ன வேலை?

நின்ற கப்பலுக்கும் பெரிய நிம்மதி இல்லை. 1746 அக்டோபரில் பிரெஞ்சுக்காரர்கள் கோட்டையைப் பிடித்த கையோடு புயல் வந்து அவர்கள் கப்பல்களை நொறுக்கியது. புயல் அறிகுறி தெரிந்தால் நங்கூரக் கயிற்றை விட்டுவிட்டு நடுக்கடலுக்கு ஓடுவதுதான் புத்திசாலித்தனம். 1875இல் துறைமுகத்துக்கு அடிக்கல், 1881இல் முடிகிற நேரத்தில் அதையும் புயல் உடைத்தது. திரும்பக் கட்டினார்கள்.

10 மே

திருத்தம். கடலூர்க்காரர் ஒருவர் பட்டினப்பாலையைத் தூக்கிக்கொண்டு சண்டைக்கு வந்துவிட்டார். உப்பு விற்று நெல் ஏற்றி வந்த படகுகளை, லாயத்தில் குதிரையைக் கட்டுவது போல முளையில் கட்டியிருந்தார்கள் என்று அதில் இருக்கிறதாம். பார்த்தேன், இருக்கிறது. பூம்புகார் பக்கம் கீழையூரில் தோண்டியபோது செங்கல் படகுத்துறையும் படகு கட்டின மரக்கம்பங்களும் கிடைத்தன என்பதையும் அவரே எழுதியிருக்கிறார். சரி, ஒப்புக்கொள்கிறேன். ஆனால் அது கழி, ஆற்று வாய். தண்ணீர் அடங்கி நிற்கிற இடம். நான் சொன்னது அலை உடைகிற சென்னைக் கரை.

அதிலும் ஓட்டை இருக்கிறது, அவர் சொல்வதற்குள் நானே சொல்லிவிடுகிறேன். பக்கிங்ஹாம் கால்வாய். உப்பும் விறகும் ஏற்றின தோணிகள் கரையோரம் கட்டிக் கிடந்தன. நான் தினமும் தாண்டுகிற பேசின் பிரிட்ஜில் இருக்கிற பேசின் எது? கால்வாய்ப் படகு நின்ற தேக்கம். ஐம்பது வருஷமாக ரயில் ஞாபகம்தான் வருகிறதே தவிர படகு ஞாபகம் வரவில்லை.

11 மே

நங்கூரம் தூய தமிழா என்று கேட்டவருக்கு: பாரசீக லங்கர். குருத்வாராவில் சோறு போடுகிறார்களே, அந்த லங்கரும் அதே சொல்தான். காசிமேட்டில் நங்கரம் என்கிறார்கள். கொடுக்கல் வாங்கல் சரியாக இருந்தால் எனக்கு எந்தப் பெயரும் சம்மதம்.

19 மே

நங்கூரத்துக்கு வருகிறேன். ஃபைபர் படகுக்காரர்கள் வாங்குவது கட்டடத்துக்குப் போடும் முறுக்குக் கம்பியில் செய்த நாலு விரல் நங்கூரம். பார்த்தால் கோமாளித்தனம். வெல்டிங் படித்த பையன் ஒருவன் என் பட்டறைக்கு வந்து "இன்னா அங்கிள், இதப் போய் செய்றீங்க, விரல் வளைஞ்சிடுமே" என்றான்.

வளைய வேண்டும், தம்பி. அதற்குத்தான் அந்தக் கம்பி. பாரில், அதாவது கடலடிப் பாறைத்திட்டில், போட்ட நங்கூரம் பாறை இடுக்கில் மாட்டிக்கொண்டால் எஞ்சினைக் கொடுத்து இழுப்பார்கள். விரல் நிமிர்ந்து வெளியே வந்துவிடும். கரைக்கு வந்து சுத்தியலால் தட்டி மறுபடி வளைத்துக்கொள்வார்கள். விரல் நிமிராத அளவுக்குக் கெட்டியாகச் செய்தால் நங்கூரத்தையும் கயிற்றையும் அறுத்துவிட்டு வர வேண்டியதுதான். கெட்டித்தனமாக நான் ஒருமுறை 25 மி.மீ. உருண்டைக் கம்பியில் செய்து கொடுத்தேன். முதல் வாரமே கடலுக்குள் போய்விட்டது. நல்ல நங்கூரம், இப்போதும் அங்கேதான் கெட்டியாகப் பிடித்துக்கொண்டிருக்கும்.

இன்னொரு வித்தை: சங்கிலியை நங்கூரத்தின் அடிப்பக்கம், விரல்கள் சேரும் இடத்தில் மாட்டிவிட்டு, தண்டோடு கொண்டுவந்து மேல் வளையத்தில் ஒரு மெல்லிய நைலான் நூலால் மட்டும் கட்டுவார்கள். சாதாரண இழுப்புக்கு நூல் தாங்கும். மாட்டிக்கொண்டு ஓங்கி இழுத்தால் நூல் அறும், இழுப்பு அடியிலிருந்து வரும், நங்கூரம் தலைகீழாகப் புரண்டு விடுபடும். முப்பது கிலோ இரும்பில் முக்கியமான பாகம் ஒரு முழம் நூல்.

20 மே

இதை எழுதிவிட்டுத் தூக்கம் வரவில்லை. 27 ஏப்ரலில் எழுதின வளையத்தையே நினைத்துக்கொண்டிருந்தேன். அதிலும் ஒரு இடம் பலவீனமாகத்தான் இருந்தது. நூல் அறும் என்று கட்டினவனுக்குத் தெரியும். என் வெல்டு அறும் என்பது அண்ணனுக்குத் தெரியாது. பெயிண்ட் அடித்திருந்தேனே.

இனிமேல் வெல்டு போட்ட வளையத்துக்குப் பெயிண்ட் கிடையாது. துத்தநாகக் குளியல் மட்டும்.

26 மே

ஒருவர் சுவாமிமலையில் மெழுகு வார்ப்பில் கிளீட் செய்து வாங்கலாமா என்கிறார். தாராளமாக முடியும். மெழுகில் செய்து, மண் பூசி, மெழுகை உருக்கி வெளியேற்றி, உலோகத்தை ஊற்றுவதற்கு கிளீட் என்ன, நடராஜர் என்ன. கிளீட்டுக்குக் கண் திறக்கிற வேலையும் மிச்சம். ஆனால் சிலைக்குப் போடுகிற கலவை வேண்டாம், கன்மெட்டல் என்று சொல்லி ஊற்றச் சொல்லுங்கள். நாலு கிளீட்டுக்கு அவ்வளவு தூரம் போக வேண்டுமா என்பது உங்கள் பணம், உங்கள் இஷ்டம்.

2 ஜூன்

கிளீட்டில் பலத்தைவிட முக்கியம் உருண்டை. கயிறு திரும்பும் இடத்தில் கூர் இருந்தால் ஒரு ராத்திரி போதும், அறுத்துவிடும். வார்ப்புக் கிளீட்டில் ரெண்டு அச்சும் சேர்ந்த கோடு ஒன்று ஓடும், பெயிண்டுக்கு அடியில் கண்ணுக்குத் தெரியாது. நைனா ஒரு துண்டுப் பஞ்சை எடுத்து முழுக்கத் தடவுவார். எங்காவது ஒரு இழை மாட்டினால் அரத்தைக் கையில் கொடுப்பார், எனக்கு வயசு பத்து. ஒரு வளையத்துக்கு அடிக்கிற நேரம் கால் மணி, அரம் போடுகிற நேரம் ஒரு மணி. கடைச் சாமானில் அந்த ஒரு மணி இல்லை. மாமா சொன்னதில் சரியான பாதி இதுதான் என்று இப்போது தோன்றுகிறது.

9 ஜூன்

எச்சரிக்கை. துத்தநாகம் பூசின ஷேக்கிளை (சங்கிலியை மாட்டுகிற U வடிவக் கொண்டி) உலையில் வைக்காதீர்கள். பூச்சு எரிந்து வெள்ளைப் புகை வரும். ஒருமுறை சோம்பேறித்தனமாக வைத்தேன். ராத்திரி மலேரியா மாதிரி குளிர் ஜுரம். பூச்சு போடுவது எப்போதும் கடைசி. அடித்து, அரம் போட்டு, இழுத்துப் பார்த்த பிறகு அம்பத்தூர் பக்கம் கொடுத்தனுப்புகிறேன். 450 டிகிரியில் உருகிக் கிடக்கிற துத்தநாகத்தில் முக்கி எடுப்பார்கள்.

ஷேக்கிள் என்றதும் ஞாபகம். கப்பலில் இருந்து ரிட்டயரானவர் ஒருவர் "எங்க கப்பலில் பதினோரு ஷேக்கிள் சங்கிலி" என்றார். பதினோரு ஷேக்கிள்தானா, என்னிடம் ஒரு வாளி நிறைய இருக்கிறதே என்றேன். அவர்கள் கணக்கில் ஒரு ஷேக்கிள் என்பது 15 பாகம், 27 மீட்டர் சங்கிலி. அவ்வளவு சங்கிலி இருந்தும் 2012 நீலம் புயலில் பிரதிபா காவேரி என்ற எண்ணெய்க் கப்பல் பெசன்ட் நகர் கரையில் வந்து உட்கார்ந்ததைப் பார்க்க நாமெல்லாம் போனோமே. வேடிக்கை பார்த்த கூட்டத்துக்குச் சுண்டல் விற்றார்கள். உயிர்க்காப்புப் படகில் இறங்கினவர்களில் சிலர் திரும்பவில்லை என்பது எனக்கு மறுநாள் பேப்பரில்தான் தெரிந்தது.

15 ஜூன்

தடை முடிந்தது. ராத்திரி பன்னிரண்டுக்கே எஞ்சின் சத்தம். கேள்வி கேட்டவரின் மாமா படகும் போய்விட்டதாம். அடியில் தேக்குக் கட்டை, மேலே அதே பழைய வளையம். நான் ஒன்றும் விற்கவில்லை.

29 ஜூன்

அண்ணன் வந்தார். மே மாசம் அவருக்கு உலையில் ஒட்டி ஒரு வளையம் கொடுத்திருந்தேன், இலவசமாக. போன வாரம் கரையில் கட்டியிருந்தபோது ஒரு லாஞ்ச் திரும்புகையில் அவர் கயிற்றை மாட்டி இழுத்துக்கொண்டு போயிருக்கிறது. கயிறு அறுந்ததாம். வளையத்தைக் கழற்றிக் கொண்டுவந்து அதே மேசையில் வைத்தார். வட்டமாகப் போனது முட்டை மாதிரி நீண்டு வந்திருக்கிறது. ஒட்டின இடத்தை லென்ஸ் வைத்துப் பார்த்தேன், மயிரிழைகூட விடவில்லை. அண்ணனிடம் காட்டினேன், எனக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை.

அவர் சிரிக்கவில்லை. "வளைஞ்சிடுச்சில்ல? அப்போ வேற குடு" என்றார். அதற்குக் காசு வாங்கலாமா கூடாதா என்று இங்கே யாராவது சொல்லுங்கள். வளையம் என்னிடம்தான் இருக்கிறது, ஹாக்ஸா கோடு தெரிகிற அந்தத் துண்டுக்குப் பக்கத்து ஆணியில்.